சர்வரில் எல்லைக் கல்லை நகர்த்துவது



இந்தப் பேச்சை நடத்தும் அறக்கட்டளையை நிறுவியவர் கணிதம் கற்பித்த ஓர் ஆசிரியர். ஓய்வுபெற்றபோது கைக்கு வந்த தொகையில் ஒரு பங்கை வைப்புநிதியாகப் போட்டு, ஆண்டுக்கொருமுறை ஏதாவது ஒரு தொழிலைத் தன் கையால் செய்கிற ஒருவர் வந்து அதைப் பற்றி மாணவர்களிடம் பேச வேண்டும் என்று எழுதி வைத்திருக்கிறார். அந்த வரிசையில் என்னையும் நிறுத்தியதற்கு நன்றி. இருபத்தைந்து ஆண்டுகளாகச் சர்வர்களைப் பார்த்துக்கொள்வதுதான் என் வேலை.

நான் எடுத்துக்கொண்ட பொருள் மிகச் சிறியது. ஓடிக்கொண்டிருக்கும் ஒரு லினக்ஸ் சர்வரில், உள்ளே இருக்கும் தரவுக்குச் சேதம் வராமல், டிஸ்க் பார்ட்டிஷனின் அளவை மாற்றுவது எப்படி என்பதுதான். பாடத்திட்டத்தில் இதற்கு இடமில்லை. ஆனால் வேலைக்குச் சேர்ந்த முதல் வருடத்திலேயே யாராவது ஒருவர் உங்களிடம் இதைச் செய்யச் சொல்வார். ஒரு வரியில் ஓர் எண் பிசகினால் பத்து வருடக் கணக்கு திறக்காமல் போகும். அதனால்தான் ஒரு மணி நேரத்தை இதற்கே ஒதுக்கலாம் என்று நினைத்தேன்.

இரவு இரண்டு மணிக்கு ஃபோன் வருகிறது. "சார், சைட் ஓப்பன் ஆகல." உள்ளே நுழைந்து 'டிஎஃப்' கட்டளை கொடுத்தால் ஒரு வரியில் 100 சதவீதம் என்று நிற்கிறது. டேட்டாபேஸ் எழுத இடமில்லாமல் நின்றுபோயிருக்கிறது. அந்த நேரத்தில் மனம் சொல்வது ஒன்றுதான்: இடத்தைப் பெரிதாக்கு. நான் பார்த்த விபத்துகளில் பெரும்பாலானவை இந்த அவசரத்தில் நடந்தவை. ஆகவே எதைத் தொடுவதற்கும் முன், இடம் உண்மையிலேயே தீர்ந்திருக்கிறதா என்று பாருங்கள்.

யாரோ ஒருவர் பெரிய லாக் ஃபைல் ஒன்றை அழித்திருப்பார். அந்த ஃபைலைத் திறந்து வைத்திருக்கும் புரோகிராம் ஓடிக்கொண்டே இருக்கும். லினக்ஸில் ஒரு ஃபைலின் பெயர் போய்விட்டாலும், அதைப் பிடித்திருக்கும் புரோகிராம் பிடியை விடும்வரை இடம் திரும்பாது. ஃபோல்டர்களைக் கூட்டிச் சொல்லும் 'டியூ' 30 ஜிபி என்கும். டிஎஃப் 90 ஜிபி என்கும். இரண்டும் பொய் சொல்லவில்லை. 'எல்எஸ்ஓஎஃப்' கொண்டு அந்தப் புரோகிராமைக் கண்டுபிடித்து ரீஸ்டார்ட் செய்தால் 60 ஜிபி ஒரு நொடியில் திரும்பிவிடும். இன்னொன்று ஐநோட், ஒவ்வொரு ஃபைலுக்கும் ஒன்று தேவைப்படும் பதிவு. இஎக்ஸ்டி4 ஃபைல் சிஸ்டத்தை உருவாக்கும்போது வழக்கமாக 16,384 பைட்டுக்கு ஓர் ஐநோட் என்று கணக்குப் போட்டு வைத்துவிடும். குட்டிக் குட்டி ஃபைல்கள் லட்சக்கணக்கில் குவிந்தால், பாதி டிஸ்க் காலியாக இருக்கும்போதே 'இடமில்லை' என்று வரும். 'டிஎஃப் -ஐ' என்று கேட்டால்தான் இது தெரியும். மூன்றாவதாக, இஎக்ஸ்டி4 தன் இடத்தில் 5 சதவீதத்தை ரூட் பயனருக்கென்று ஒதுக்கி வைக்கிறது. ஒரு டிபி டேட்டா டிஸ்க்கில் அது ஏறக்குறைய 50 ஜிபி. ஆபரேட்டிங் சிஸ்டம் இல்லாத, வெறும் தரவு மட்டும் இருக்கிற டிஸ்க்கில் அந்த ஒதுக்கீட்டை 1 சதவீதமாகக் குறைக்கலாம். அதற்கு மவுண்டைக்கூடக் கழற்ற வேண்டாம்.

இவை மூன்றும் இல்லை, இடம் நிஜமாகவே தீர்ந்துவிட்டது என்று ஆன பிறகுதான் பார்ட்டிஷன் பக்கம் போக வேண்டும்.

நிலம் வாங்கி விற்ற குடும்பத்தில் பிறந்தவர்களுக்குப் பார்ட்டிஷனைச் சட்டென்று விளக்கிவிடலாம். வயல் வேறு, வயலின் எல்லையைச் சொல்லும் சர்வே கல் வேறு, அந்தக் கல் எங்கே இருக்கிறது என்று தாலுகா அலுவலகத்தில் எழுதி வைத்த ஏடு வேறு. பார்ட்டிஷன் டேபிள் என்பது அந்த ஏடு. அது டிஸ்க்கின் தலைப்பகுதியில் எழுதப்பட்டிருக்கும் சில எண்கள், அவ்வளவுதான். ஏட்டில் எண்ணை மாற்றினால் வயலில் விளைந்தது அழிவதில்லை. ஆனால் அடுத்தவர் அந்த ஏட்டை நம்பி உழத் தொடங்கினால் அழிந்துவிடும். இன்றைக்கு நான் சொல்லப்போகிற எல்லாமே இந்த இரண்டு வாக்கியங்களுக்குள் அடக்கம்.

அந்த ஏடு எவ்வளவு சிறியது தெரியுமா? 1983இல் பிசி டாஸ் 2.0 வந்தபோது, 10 எம்பி ஹார்ட் டிஸ்க் வைத்த ஐபிஎம் எக்ஸ்டி கணினிக்காக உருவான அமைப்பு அது. டிஸ்க்கின் முதல் செக்டார் 512 பைட். அதில் 446 பைட் தள்ளி, வரிசைக்கு 16 பைட்டாக நான்கு வரிசைகள், மொத்தம் 64 பைட். நான்கு பார்ட்டிஷன்களுக்கு மேல் நேரடியாக வைக்க முடியாது என்ற கட்டுப்பாடு அங்கிருந்து வந்தது. தொடக்கத்தையும் நீளத்தையும் 32 பிட்டில் எழுதியதால் 512 பைட் செக்டாரில் 2 டிபியைத் தாண்டவும் முடியாது. பிறகு வந்த ஜிபிடி முறை இந்தக் கட்டுப்பாடுகளை நீக்கியது. வழக்கமாக 128 வரிசைகளுக்கு இடம் வைக்கும். ஏட்டின் இன்னொரு நகலை டிஸ்க்கின் கடைசியிலும் எழுதி வைக்கும். இந்த இரண்டாவது நகலை ஞாபகத்தில் வைத்துக்கொள்ளுங்கள். டிஸ்க்கைப் பெரிதாக்கும்போது முதலில் தொந்தரவு கொடுப்பது அதுதான்.

இன்றைய சர்வரில் ஏடு ஒன்றோடு நிற்பதில்லை. அடியில் டிஸ்க். அதன் மேல் பார்ட்டிஷன். அதன் மேல் பெரும்பாலும் எல்விஎம். ஹைன்ஸ் மவுல்ஸ்ஹாகன் 1998இல், எச்பி-யூஎக்ஸில் இருந்த அமைப்பைப் பார்த்து லினக்ஸுக்காக எழுதியது அது. பார்ட்டிஷன்களை வாங்கி ஒரே குதிராகச் சேர்த்து, அதிலிருந்து 4 எம்பி துண்டுகளாக அளந்து லாஜிகல் வால்யூம்களுக்குக் கொடுக்கும். அதன் மேல் ஃபைல் சிஸ்டம். ஒவ்வோர் அடுக்கும் தன் அளவு இவ்வளவு என்று தன்னிடமே ஒரு குறிப்பு எழுதி வைத்திருக்கிறது. கீழ் அடுக்கு வளர்ந்தது மேல் அடுக்குக்குத் தானாகத் தெரியாது. கீழ் அடுக்கு குறைந்தாலும் தெரியாது. ஆபத்து இருப்பது இந்த இரண்டாவதில்.

ஆகவே ஒழுங்கு இதுதான். பெரிதாக்கும்போது கீழிருந்து மேலே போங்கள்: டிஸ்க், பார்ட்டிஷன், எல்விஎம், கடைசியில் ஃபைல் சிஸ்டம். சிறிதாக்கும்போது மேலிருந்து கீழே வாருங்கள்: முதலில் ஃபைல் சிஸ்டம், கடைசியில் பார்ட்டிஷன். வீட்டை விரிவாக்குகிறவர் முதலில் காம்பவுண்டுச் சுவரைத் தள்ளிக் கட்டுவார். நிலத்தில் ஒரு பகுதியை விற்கிறவர் முதலில் அங்கிருக்கும் மாட்டுக் கொட்டகையைப் பிரித்து இந்தப் பக்கம் கொண்டுவருவார். கொட்டகை நிற்கும்போதே சுவரை எழுப்பினால் மாடு அந்தப் பக்கம் நின்றுவிடும். என் கீழ் வேலை பழகியவர்களுக்கு நான் முதலில் மனப்பாடம் செய்யச் சொன்னது இந்த வரிசையைத்தான், எந்தக் கட்டளையையும் அல்ல.

பெரிதாக்குவதைப் பார்ப்போம். விர்ச்சுவல் மெஷினிலோ கிளவுடிலோ டிஸ்க்கின் அளவை 50 ஜிபியிலிருந்து 100 ஜிபி ஆக்கிவிட்டீர்கள். உள்ளே போய்ப் பார்த்தால் டிஎஃப் இன்னும் 50 என்றே காட்டும். 'எல்எஸ்பிஎல்கே' என்று கேட்டால் டிஸ்க் 100, அதற்குள் பார்ட்டிஷன் 50 என்று அடுக்கடுக்காகக் காட்டும். இந்தக் கட்டளையின் விடையை ஒரு காகிதத்தில் எழுதிக்கொள்ளாமல் நான் எந்த வேலையையும் தொடங்கியதில்லை. ஜிபிடி டிஸ்க்காக இருந்தால், கடைசியில் இருக்க வேண்டிய இரண்டாவது நகல் இப்போது நடுவில் நிற்கிறது. பார்ட்டெட் கருவி அதைக் கண்டு, சரிசெய்யட்டுமா என்று கேட்கும். டிஸ்க் வளர்ந்ததால் வந்த கேள்விதான் அது, தயங்காமல் சரி என்று சொல்லலாம். அடுத்து 'குரோபார்ட்'. அதில் டிஸ்க்கின் பெயரையும் பார்ட்டிஷன் எண்ணையும் இடைவெளி விட்டுத் தனித்தனியாகக் கொடுக்க வேண்டும். ஒட்டிக் கொடுத்துவிட்டு அரை மணி நேரம் விழித்தவர்களைப் பார்த்திருக்கிறேன். பிறகு எல்விஎம் இருந்தால் 'பிவிரீசைஸ்', அதன்பின் 'எல்வி எக்ஸ்டெண்ட்'. கடைசியில் இஎக்ஸ்டி4 என்றால் 'ரீசைஸ்2எஃப்எஸ்', எக்ஸ்எஃப்எஸ் என்றால் 'எக்ஸ்எஃப்எஸ் குரோஎஃப்எஸ்'. இரண்டும் மவுண்ட் ஆகியிருக்கும்போதே, மக்கள் சைட்டைப் பயன்படுத்திக்கொண்டிருக்கும்போதே நடக்கும்.

இது சுலபமான வழி. நிஜத்தில் வழியை மறித்துக்கொண்டு, மெமரி போதாதபோது கைகொடுக்கும் ஸ்வாப் பார்ட்டிஷன் உட்கார்ந்திருக்கும். பழைய இன்ஸ்டாலர்கள் பல, டிஸ்க்கின் தொடக்கத்தில் ரூட் பார்ட்டிஷனையும் கடைசியில் ஸ்வாப்பையும் வைத்தன. டிஸ்க் வளர்ந்த இடம் ஸ்வாப்புக்கு அப்பால் கிடக்கிறது, ரூட் அதைத் தொட முடியாது. ஸ்வாப்பில் காப்பாற்ற வேண்டிய தரவு எதுவும் இல்லை என்பதால் அதை நிறுத்தி, அழித்து, ரூட்டை நீட்டி, மிஞ்சிய இடத்தில் புதிதாக ஸ்வாப் போடலாம். ஆனால் புதிய ஸ்வாப்புக்குப் புதிய யூயூஐடி, அதாவது அடையாள எண், வரும். 'எஃப்எஸ்டேப்' ஃபைலில் பழைய எண் அப்படியே கிடந்தால், அடுத்த முறை சர்வர் எழும்போது இல்லாத ஸ்வாப்புக்காக ஒன்றரை நிமிடம் காத்து நிற்கும். அது பல மாதம் கழித்து, வேறொருவர் ரீபூட் செய்யும் நாளில் நடக்கும். ஏன் என்று அவருக்குத் தெரியாது. அதனால் வேலை முடிந்த அன்றைக்கே, நீங்கள் அருகில் இருக்கும்போதே, ஒருமுறை ரீபூட் செய்து பார்த்துவிடுங்கள்.

குரோபார்ட் இல்லாத பழைய சர்வர்களில் 'எஃப்டிஸ்க்' கொண்டு செய்வோம். அதைப் பழகாதவர்களுக்கு நெஞ்சு படபடக்கும், ஏனென்றால் பார்ட்டிஷனை அழித்துவிட்டு மறுபடி உருவாக்க வேண்டும். ஏட்டில் ஒரு வரியை அடித்துவிட்டு அதே வரியைப் புதிய முடிவு எண்ணோடு எழுதுவதுதான் அது. ஆனால் தொடக்க எண் ஓர் இம்மி மாறக் கூடாது. பழைய காலத்து டிஸ்க்குகளில் முதல் பார்ட்டிஷன் 63ஆவது செக்டாரில் தொடங்கும். இன்றைய எஃப்டிஸ்க், 4,096 பைட் செக்டார்களுக்கு ஒத்துவரும்படி 2048 என்று தானாக முன்மொழியும். அதைப் பார்க்காமல் எண்டர் தட்டினால் ஃபைல் சிஸ்டத்தின் தலையே காணாமல் போகும். இன்னொரு கேள்வியும் வரும். இங்கே இஎக்ஸ்டி4 அடையாளம் இருக்கிறது, அதை நீக்கவா என்று. பெரிதாக்கும் வேலையில் அதற்கு எப்போதும் வேண்டாம் என்பதே பதில்.

ஒரு சொந்த அபிப்பிராயம். விர்ச்சுவல் மெஷினில் தரவுக்கென்று தனி டிஸ்க் கொடுத்தால், நான் அதில் பார்ட்டிஷனே போடுவதில்லை. முழு டிஸ்க்கையும் எல்விஎம்மிடம் ஒப்படைத்துவிடுவேன். நகர்த்த ஓர் எல்லைக் கல் குறைவு. வேறு கருவிகள் அந்த டிஸ்க்கைக் காலி என்று நினைத்துவிடும் என்று இதை மறுப்பவர்கள் உண்டு. அவர்கள் சொல்வதில் நியாயம் இருக்கிறது. பலர் கை வைக்கும் சர்வரில் நானும் பார்ட்டிஷன் போட்டே வைக்கிறேன்.

சிறிதாக்குவது வேறு ஜாதி வேலை. முதல் அறிவுரை, செய்யாதீர்கள். எக்ஸ்எஃப்எஸ் உள்ள டிஸ்க்கில் நடைமுறையில் அந்தப் பேச்சுக்கே இடமில்லை. எஸ்ஜிஐ நிறுவனம் 1990களில் பெரிய பெரிய ஃபைல்களுக்காக வடிவமைத்த அது, வளரவே தெரிந்தது. ரெட்ஹேட் தன் 7ஆவது பதிப்பிலிருந்து அதையே இயல்பாகப் போடுகிறது, ஆகவே பல நிறுவனங்களின் சர்வர்களில் நீங்கள் சந்திக்கப்போவது அதைத்தான். தரவை நகலெடுத்து, புதிதாக ஃபார்மட் செய்து, திரும்பக் கொட்டுவதைத் தவிர வழியில்லை. அமேசான் கிளவுடின் இபிஎஸ் டிஸ்க்குகளும் அப்படியே, ஏற்றலாம், இறக்க முடியாது. அதனால் புதிய சர்வர் அமைக்கும்போது எல்விஎம் குதிரில் இருக்கும் இடத்தையெல்லாம் முதல் நாளே பங்கு பிரித்துக் கொடுத்துவிடாதீர்கள். விதைநெல் மாதிரி கொஞ்சம் ஒதுக்கி வையுங்கள். கேட்பவருக்குக் கேட்கும்போது அளந்து கொடுக்கலாம்.

இஎக்ஸ்டி4 ஆக இருந்து, குறைத்தே தீர வேண்டும் என்ற நிலை வந்தால், மவுண்டைக் கழற்ற வேண்டும். 'இ2எஃப்எஸ்சிகே -எஃப்' கொண்டு முழுச் சோதனை நடத்த வேண்டும், அது முடியாமல் ரீசைஸ்2எஃப்எஸ் வேலையைத் தொடங்காது. பிறகு ஃபைல் சிஸ்டத்தை, நீங்கள் எட்ட நினைக்கும் அளவைவிடவும் கொஞ்சம் சிறிதாகக் குறையுங்கள். 100 வேண்டுமென்றால் 95. அடுத்து வால்யூமையோ பார்ட்டிஷனையோ 100க்கு வெட்டுங்கள். கடைசியில் ரீசைஸ்2எஃப்எஸ்ஸை எண் எதுவும் கொடுக்காமல் ஓட்டினால், மிச்சமுள்ள இடத்தைத் தானே அளந்து விளிம்புவரை நிரப்பிக்கொள்ளும். அந்த 5 ஜிபி இடைவெளிதான் உங்கள் காப்பு. குறைக்கும்போது தரவுத் துண்டுகள் நிஜமாகவே இடம்பெயர்கின்றன, நடுவில் மின்சாரம் போனால் மீட்பது கடினம். யூபிஎஸ் பேட்டரியைப் பார்த்துவிட்டுத் தொடங்குங்கள். தொலைவிலிருந்து வேலை செய்தால் டிமக்ஸ் என்ற கருவிக்குள் ஓட்டுங்கள், உங்கள் வீட்டு இண்டர்நெட் அறுந்தாலும் அங்கே வேலை தொடரும்.

பேக்கப் எடுக்காமல் இவற்றில் எதையும் செய்யக் கூடாது என்று நான் சொல்வதை எதிர்பார்த்தே உட்கார்ந்திருப்பீர்கள். சொல்கிறேன், ஆனால் சற்று விரித்து. ஒரே தரவை இரண்டு டிஸ்க்கில் எழுதும் ரெய்டு பேக்கப் ஆகாது. தவறான கட்டளையை அது இரண்டு டிஸ்க்கிலும் ஒரே நேரத்தில் நிறைவேற்றும். அதே எல்விஎம் குதிருக்குள் எடுத்த ஸ்னாப்ஷாட்டும் ஆகாது, குதிர் சரிந்தால் அதுவும் சரியும். வேறு இயந்திரத்தில் இருந்து, ஒருமுறையாவது திரும்பக் கொட்டித் திறந்து பார்த்ததையே நான் பேக்கப் என்று எண்ணுகிறேன். இதோடு ஏட்டுக்கும் ஒரு நகல் வேண்டும். 'எஸ்எஃப்டிஸ்க் -டி' என்ற கட்டளை பார்ட்டிஷன் டேபிள் முழுவதையும் சில வரி எழுத்தாக வெளியே எடுத்துக் கொடுக்கும். அதை அதே சர்வரில் சேமித்து வைத்தால் என்ன பயன்? உங்கள் கணினிக்கு அனுப்புங்கள். என்னைக் கேட்டால், முக்கியமான எண்களைப் பேனாவால் நோட்டில் எழுதிக்கொள்ளுங்கள்.

ஏன் நோட்டு என்று சொல்கிறேன். ஏறக்குறைய பத்து வருடத்துக்கு முன், நான் வேலை பார்த்த ஓர் இடத்தில் 500 ஜிபி டிஸ்க் ஒன்றில் ஒரே பார்ட்டிஷன், இஎக்ஸ்டி4. உள்ளே 70 ஜிபி போலத் தரவு. மிச்ச இடத்தை வேறொரு வேலைக்குப் பிரித்துக் கொடுக்க வேண்டும். என்னோடு ஓர் இளைஞர் இருந்தார், கெட்டிக்காரர். ஞாயிறு இரவு தொடங்கினோம். மவுண்டைக் கழற்றி, சோதனை முடித்து, ரீசைஸ்2எஃப்எஸ்ஸுக்கு 100ஜி என்று கொடுத்தார். சரியாக முடிந்தது. அடுத்து பார்ட்டெட்டில் முடிவை 100ஜிபி என்று கொடுத்தார். சிறிதாக்கினால் தரவு போகலாம், உறுதியா என்று அது கேட்டது. வரிசைப்படிதானே வந்திருக்கிறோம் என்று நானே தலையாட்டினேன். இடைவெளி வைக்கும் பழக்கம் அன்றைக்கு எனக்கு இல்லை.

மவுண்ட் ஆகவில்லை. இ2எஃப்எஸ்சிகே ஓட்டியபோது வந்த செய்தியை இன்றும் பார்க்காமல் சொல்வேன். ஃபைல் சிஸ்டம் தன் அளவு 2,62,14,400 பிளாக் என்கிறது. பார்ட்டிஷனில் இருப்பதோ 2 கோடியே 44 லட்சம் சொச்சம். இரண்டில் ஒன்று கெட்டிருக்க வேண்டும், நிறுத்திவிடவா என்று கேட்டது.

ரீசைஸ்2எஃப்எஸ்ஸின் 'ஜி' 1024ஆல் பெருக்கிய கணக்கு, ஜிபிபைட். பார்ட்டெட்டின் 'ஜிபி' 1000ஆல் பெருக்கிய கணக்கு, டிஸ்க் விற்பவர்கள் அட்டையில் போடும் கணக்கு. பின்னது முன்னதைவிட ஏறக்குறைய 7 சதவீதம் சிறியது. 100க்கு 93தான் தேறும். போதாததற்கு, பார்ட்டெட் கேட்பது பார்ட்டிஷனின் நீளத்தை அல்ல, டிஸ்க்கில் அது முடியும் இடத்தை. கொட்டகையின் கடைசி ஏழு அடிக்குள் சுவர் எழுப்பியிருந்தோம்.

இளைஞரின் விரல் 'என்' எழுத்துக்கு மேலே இருந்தது. நிறுத்தாதே, சரிசெய் என்று சொல்லிவிடலாம் என்பது அவர் எண்ணம். அவர் கையைப் பிடித்தேன். அதுவரை ஏட்டில் ஓர் எண் மட்டும் மாறியிருந்தது, வயலில் யாரும் உழவில்லை. அந்தச் சோதனையைத் தொடரவிட்டிருந்தால், எல்லைக்கு வெளியே நின்ற தரவைக் குப்பை என்று கருதி அது கணக்கை எழுதத் தொடங்கியிருக்கும். 'ஒய்' தட்டி வெளியே வந்தோம். வேலைக்கு முன் நோட்டில் குறித்திருந்த பழைய எண்களைப் பார்த்து, பார்ட்டிஷனைப் பழைய முடிவுக்கே நீட்டினோம். மறுபடி சோதனை ஓட்டினோம். இந்த முறை எந்தக் கேள்வியும் கேட்காமல் ஐந்து கட்டங்களையும் முடித்தது. மவுண்ட் செய்து ஃபோல்டர்களைப் பட்டியலிட்டபோது மணி 4:40. இளைஞர் டீ வாங்கப் போனார். திரும்பி வந்த பிறகு, முடிவை செக்டார் எண்ணிலேயே கணக்கிட்டோம். 2048இலிருந்து தொடங்கி 20,97,15,200 செக்டார், ஆகவே முடிவு 20,97,17,247. அதற்கும் அப்பால் கொஞ்சம் இடம் விட்டு வெட்டினோம். அன்றிலிருந்து ஜி, ஜிபி என்று எந்த எழுத்தையும் நம்பாமல், இரண்டு கருவிகளுக்கும் செக்டாரிலேயே எண்ணைச் சொல்கிறேன்.

அந்த நோட்டை இன்றைக்குக் கொண்டுவந்திருக்கிறேன். அந்தப் பக்கத்தில் நீல மையில் இரண்டு எண்கள் இருக்கும்: தொடக்கம் 2048, முடிவு 97,67,73,167. கீழே டீ டம்ளர் வைத்த வட்டக் கறை. பார்க்க விரும்புகிற மாணவர்கள் மேடைக்கு அருகே வாருங்கள்.